பதவி உயர்வுடன் வரும் பணியிட மாறுதல்: நீதிமன்றத்தில் எதைக் கேட்கலாம், எப்படிக் கேட்க வேண்டும்

ஒரு செவிலியரை எடுத்துக்கொள்வோம். தென்காசி மாவட்டத்தில் ஓர் அரசு மருத்துவமனையில் பல ஆண்டுகள் பணியாற்றியவர். செவிலியர் கண்காணிப்பாளராகப் பதவி உயர்வு வருகிறது, பணியிடம் கிருஷ்ணகிரி. வீட்டில் படுக்கையில் கிடக்கும் மாமியார், பிளஸ் டூ படிக்கும் மகள், உள்ளூரில் வேறு துறையில் வேலை பார்க்கும் கணவர். ஆணை வந்த அன்று மாலையே வழக்கறிஞர் ஒருவரைப் பார்த்து, எப்படியாவது தடை வாங்கித் தரச் சொல்கிறார். அவர் சொல்லும் காரணங்கள் அத்தனையும் உண்மை. ஆனால் நீதிமன்றத்தில் அவற்றில் பெரும்பாலானவை எடுபடாது.

ஏனென்றால் மாறுதல் வழக்கில் நீதிபதி அந்த ஆணை எப்படிப் பிறந்தது என்றுதான் பார்க்கிறார். அது உங்களை எவ்வளவு வருத்துகிறது என்பது அவருக்கு இரண்டாம் பட்சம். கஷ்டத்தைக் கேட்டு இடம் மாற்றித் தரும் அதிகாரம் துறைக்கு உண்டு. விதிமீறலைத் திருத்தும் அதிகாரம் நீதிமன்றத்துக்கு உண்டு. கஷ்டத்தைத் துறையிடமும் விதிமீறலை நீதிமன்றத்திலும் சொல்ல வேண்டும். இரண்டையும் கலந்து ஒரே மனுவாக எழுதுவதால்தான் நியாயம் உள்ளவர்கள்கூட முதல் விசாரணையிலேயே தோற்றுப்போகிறார்கள். கீழே உள்ள படிகள் எல்லாம் இந்த ஒரு வேறுபாட்டின் மேல் நிற்பவை.

முதல் படி: ஆணையை வரி வரியாகப் படியுங்கள்

ஆணை கைக்கு வந்ததும் ஒப்புகைக் கையெழுத்துக் கேட்பார்கள். கையெழுத்தின் கீழே தேதியையும் நேரத்தையும் எழுதுங்கள். நீங்கள் எப்போது ஆணையைப் பெற்றீர்கள், எப்போது விடுவிக்கப்பட்டீர்கள் என்பது பின்னால் இடைக்காலத் தடை கேட்கும்போது முக்கியக் கேள்வியாகிவிடும்.

அடுத்து, கையொப்பமிட்டவர் யார் என்று பாருங்கள். உங்கள் பதவிக்கு நியமன அலுவலர் யார், மாறுதல் அதிகாரம் யாருக்கு என்பது உங்கள் பணி விதிகளில் இருக்கும். அதிகாரம் இல்லாதவர் போட்ட ஆணை நிற்காது. மேலதிகாரி வாய்மொழியாகச் சொன்னதைக் கீழ்நிலை அலுவலர் தன் பெயரில் பிறப்பிக்கும் வழக்கம் பல அலுவலகங்களில் இருப்பதால் இதைத் தவறாமல் பாருங்கள்.

பிறகு ஆணையின் மேற்பகுதியில் 'பார்வை' என்று வரும் பட்டியல். அவசரத்தில் எல்லோரும் தாண்டிச் செல்லும் இடம் இது. பார்வை ஒன்றில் தேர்ந்தோர் பட்டியல், இரண்டில் கலந்தாய்வு (பணிமூப்பு வரிசையில் அழைத்து இடம் தேர்ந்தெடுக்க வைப்பது) அறிவிப்பு என்று இருந்தால் ஆணை வழக்கமானது. மூன்றாவதாக ஒரு புகார் மனுவோ, வேறொரு அலுவலகத்திலிருந்து வந்த கடிதமோ தேதியுடன் இருந்தால் உங்கள் வழக்கின் விதை அங்கே இருக்கலாம். அந்தக் கடிதத்தின் நகலைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் உடனே கேளுங்கள். பதில் தர 30 நாள் அவகாசம் இருப்பதால் தடை கேட்கும் கட்டத்துக்கு அது வந்து சேராது. ஆனாலும் துறையின் பதில் மனுவுக்கு நீங்கள் மறுப்புரை போடும்போது கையில் இருக்கும்.

கடைசியாக, ஆணை சொல்லும் காரணம். 'நிர்வாக நலன் கருதி' என்ற சொற்றொடர் மட்டும் இருந்தால் அதுவே குறையாகிவிடாது. மாறுதலுக்கு முன் உங்களை அழைத்து விளக்கம் கேட்க வேண்டிய கடமையும் துறைக்கு இல்லை. ஆனால் ஆணையில் ஒரு காரணம் எழுதப்பட்டிருந்தால் துறை அதற்குக் கட்டுப்பட்டது. ஆணையில் இல்லாத புதிய காரணங்களைப் பிறகு பிரமாணப் பத்திரத்தில் சேர்த்து ஆணைக்கு முட்டுக்கொடுக்க முடியாது என்று மொகிந்தர் சிங் கில் வழக்கில் 1977 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது இன்றும் உயிருடன் இருக்கிறது.

இரண்டாம் படி: பதவி உயர்வு வேண்டுமா என்று முதலில் முடிவு செய்யுங்கள்

இந்தக் கேள்வியை யாரும் நேராகக் கேட்டுக்கொள்வதில்லை. பதவி உயர்வும் அதற்கான பணியிடமும் ஒரே ஆணையில் வருபவை. உயர்வை மட்டும் எடுத்துக்கொண்டு இடத்தை மறுக்கும் உரிமை யாருக்கும் இல்லை. அரசமைப்புச் சட்டத்தின் 16ஆவது உறுப்பு தருவது, தகுதி உள்ளவரைப் பதவி உயர்வுக்குப் பரிசீலிக்க வேண்டும் என்ற உரிமை. இன்ன ஊரில் இன்ன நாற்காலி என்பது அதில் சேராது.

ஆகவே போவதா, துறப்பதா என்று வீட்டில் உட்கார்ந்து பேசுங்கள். துறப்பதற்கு விலை உண்டு. மத்திய அரசு ஊழியர் என்றால், 1981 அக்டோபர் 1ஆம் தேதிய பணியாளர் துறைக் குறிப்பாணைப்படி, மறுத்த நாளிலிருந்து ஓராண்டுக்கு அடுத்த வாய்ப்பு கிடையாது. இடையில் உயர்ந்த இளையவர்கள் மேல்நிலைப் பதவியில் உங்களுக்கு மூத்தவர்கள் ஆகிவிடுவார்கள். பதவி உயர்வை மறுத்தவர், தேக்கநிலைக்காகத் தரப்படும் ஊதிய உயர்வைக் கேட்க முடியாது என்று 2022 ஜனவரியில் மஞ்சு அரோரா வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துவிட்டது. தமிழ்நாடு அரசு ஊழியர்கள் 2016ஆம் ஆண்டின் தமிழ்நாடு அரசு ஊழியர்கள் (பணி நிபந்தனைகள்) சட்டத்தில் துறப்பு பற்றிய பகுதியைப் படித்துவிட்டுக் கையெழுத்திடுங்கள். தற்காலிகத் துறப்பு, நிரந்தரத் துறப்பு என்ற இரண்டுக்கும் உள்ள தூரம் மிகப் பெரியது. கோபத்தில் எழுதிக் கொடுத்த துறப்புக் கடிதத்தைத் திரும்பப் பெறுவதற்காக வழக்குப் போடும் நிலை யாருக்கும் வரக் கூடாது.

இன்னொரு பொறியும் இருக்கிறது. உயர்வை ஏற்றுக்கொண்டு, சில மாதங்களில் சொந்த விருப்பத்தின் பேரில் வேறு அலகுக்கு (தனிப் பணிமூப்புப் பட்டியல் உள்ள பிரிவுக்கு) மாறுதல் கேட்பார்கள். பணிமூப்பு அலகு மாறினால், புதிய அலகில் ஏற்கெனவே இருப்பவர்களுக்குக் கீழேதான் உங்கள் பெயர் வரும். கே.பி. சுதாகரன் எதிர் கேரள அரசு (2006) வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்திருக்கிறது. விருப்ப மாறுதல் மனுவில் கையெழுத்திடும் முன் அலகு ஒன்றுதானா என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

மூன்றாம் படி: உங்கள் வழக்குக்கு அடிப்படை இருக்கிறதா?

இங்கேதான் நேரம் செலவிட வேண்டும். மாறுதல் என்பது அரசுப் பணியின் இயல்பான பகுதி. ஓரிடத்திலேயே இருக்கும் உரிமை யாருக்கும் இல்லை. பி. வரதராவ் (1986), ஷில்பி போஸ் (1991) தொடங்கி எத்தனையோ தீர்ப்புகள் இதைச் சொல்கின்றன. ஆயினும் அதே தீர்ப்புகள் விதிவிலக்குகளையும் விட்டுவைத்திருக்கின்றன. சட்டபூர்வ விதி மீறப்பட்டால், அதிகாரம் இல்லாதவர் ஆணையிட்டால், தீய நோக்கம் இருந்தால், தண்டனைக்குப் பதிலாக மாறுதலைப் பயன்படுத்தினால், நிகரில்லாத பதவியில் தள்ளினால், சமமானவர்களைப் பாகுபடுத்தினால் நீதிமன்றம் தலையிடும். உங்கள் கதை இவற்றில் ஒன்றிலாவது பொருந்த வேண்டும்.

விதி எது, வழிகாட்டி நெறி எது என்று பிரித்தறிவது முதல் வேலை. அரசமைப்பின் 309ஆவது உறுப்பின்கீழ் இயற்றப்பட்ட பணி விதிகளும் சட்டமன்றம் இயற்றிய சட்டமும் அரசைக் கட்டுப்படுத்தும். கணவன் மனைவி ஒரே ஊரில் பணியாற்ற இயன்றவரை வழிசெய்யலாம், குறைந்தது இத்தனை ஆண்டு ஓரிடத்தில் வைக்கலாம் என்பன போன்ற நிர்வாக அறிவுரைகளுக்கு அந்த வலு இல்லை. தமிழ்நாட்டில் 1994 ஜனவரி 7 அன்று பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறை வெளியிட்ட அரசாணை எண் 10ஐ மனுக்களில் அடிக்கடி காணலாம். அதுவும் நிர்வாக அறிவுரைதான்.

இந்த வேறுபாட்டை நெஞ்சில் பதிய வைப்பது எஸ்.எல். அப்பாஸ் வழக்கு. இந்தியத் தாவரவியல் ஆய்வகத்தின் ஷில்லாங் அலுவலகத்தில் தோட்டக் காப்பாளர். இன்றைய உத்தரகண்டின் பௌரிக்கு மாற்றினார்கள். மனைவிக்கு ஷில்லாங்கிலேயே மத்திய அரசு வேலை, பிள்ளைகள் அங்கே படிக்கிறார்கள், அவருக்கோ முதுகெலும்பில் பழைய அடி. மத்திய அரசு ஊழியர் வழக்குகளைக் கேட்கும் தீர்ப்பாயம் இரக்கப்பட்டு மாறுதலை ரத்து செய்தது. 1993இல் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது: வழிகாட்டி நெறி சட்டபூர்வ உரிமையைத் தராது, தீர்ப்பாயம் மாறுதலுக்கான மேல்முறையீட்டு அலுவலகமும் கிடையாது. நம் செவிலியரின் காரணங்களும் அப்பாஸின் காரணங்களும் ஏறக்குறைய ஒன்றே. கஷ்டத்தை மட்டும் வைத்து வழக்குப் போட வேண்டாம் என்று நான் அழுத்திச் சொல்வது இதனால்தான்.

இதற்காக நெறிகளைக் குப்பையில் போட்டுவிட வேண்டாம். 2022 மார்ச்சில் நௌஷாத் ரகுமான் வழக்கில், மாறுதல் கொள்கையை அரசே வகுக்கலாம் என்று ஏற்றுக்கொண்ட உச்ச நீதிமன்றம், அதை வகுக்கும்போது குடும்ப வாழ்க்கையையும் பெண் ஊழியர்களின் நிலையையும் மாற்றுத்திறனாளிகளின் தேவையையும் கணக்கில் எடுக்க வேண்டும் என்றது. மாற்றுத்திறனாளிகளுக்குக் கூடுதல் பிடி இருக்கிறது. 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 20ஆவது பிரிவு தக்க வசதி செய்துதரும் கடமையைப் பேசுகிறது. அவர்களின் பணியமர்த்தல், மாறுதல் பற்றிய கொள்கையையும் அதே பிரிவு குறிப்பிடுகிறது. உங்களுக்கு இது பொருந்துமானால் மனுவின் முதல் காரணமாக இதையே எழுதுங்கள்.

பதவி நிகரானதா என்ற கேள்வி, உயர்வுக்குப் பின் வரும் மாறுதல்களில் கூர்மையாக எழும். பெயருக்கு உயர்வு கொடுத்துவிட்டு, கீழ்நிலை அலுவலர் பார்த்த இருக்கையில் உட்கார வைப்பார்கள். சம்பளம் ஒன்றுதானே என்பார்கள். 1986இல் மிதிலா பல்கலைக்கழகம் எதிர் தயானந்த் ஜா வழக்கில், கல்லூரி முதல்வரை அதே ஊதிய விகிதத்தில் ரீடர் என்னும் ஆசிரியர் பதவியில் வேறு கல்லூரிக்கு மாற்றியது செல்லாது என்று தீர்ப்பானது. பொறுப்பும் தகுதிநிலையும் நிகராக இருக்க வேண்டும். ஊதிய விகிதம் ஒன்றாக இருப்பது மட்டும் போதாது. அரசு ஊழியர்களின் ஊதியம், பணி பற்றிய அடிப்படை விதிகளில் 15ஆவது இன்னொரு பாதுகாப்பு: திறமையின்மை, தவறான நடத்தை, எழுத்துமூல விருப்பம் ஆகியவை தவிர, குறைந்த ஊதியமுள்ள பதவிக்கு ஒருவரை மாற்ற முடியாது.

தண்டனைக்குப் பதிலாக மாறுதல் என்பது வலுவான காரணம். ஆனால் கவனமாகக் கையாள வேண்டியது. சோமேஷ் திவாரி வழக்கில் (2009) ஒரு மொட்டைக் கடிதத்தின் பேரில் மாறுதல். விசாரித்ததில் புகாரில் உண்மை இல்லை என்று தெரிந்தும் ஆணை நின்றது. அதைச் சட்டத்தின் பார்வையில் தீய நோக்கம் என்று சொல்லி உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. 1997இல் மகாராஷ்டிரத்தின் தாண்டே வழக்கு இன்னும் தெளிவானது. கள் விற்பவர்கள்மேல் நடவடிக்கை எடுத்த கலால் ஆய்வாளர், அதே வியாபாரிகளின் புகாரால் மாற்றப்பட்டார். நேர்மையான அலுவலரைப் பழிவாங்கும் செயல் என்று நீதிமன்றம் வெளிப்படையாகவே சொன்னது. 2020இல் பஞ்சாப் அண்டு சிந்து வங்கியில், ஊழல் பற்றியும் பாலியல் தொல்லை பற்றியும் எழுதிய நான்காம் நிலைப் பெண் அதிகாரியை, இந்தூரிலிருந்து முதல் நிலை (நான்காம் நிலைக்கு மிகவும் கீழானது) அதிகாரிக்குரிய கிளைக்கு அனுப்பினார்கள். அந்த ஆணையும் ரத்தானது. 50,000 ரூபாய் செலவுத்தொகையும் கிடைத்தது. ஒருவர் எழுதிய புகார், அடுத்து வந்த மாறுதல், அவருடைய நிலைக்குப் பொருந்தாத கிளை என்று மூன்றும் அடுத்தடுத்த தேதிகளில் கோத்து நின்றதுதான் அந்த வழக்கின் பலம்.

மறுபக்கத்தையும் சொல்லிவிட வேண்டும். புகாரைத் தொடர்ந்து வரும் எல்லா மாறுதலும் தண்டனை ஆகாது. அலுவலகத்தில் மேலதிகாரியிடம் முறைகேடாக நடந்தார்கள் என்று அகர்தலாவின் அஞ்சல் ஊழியர்கள் மாற்றப்பட்டபோது, ஒழுங்கைக் காக்க முழு விசாரணை இல்லாமலும் மாற்றலாம் என்று ஜனார்தன் தேப்நாத் வழக்கில் (2004) தீர்ப்பானது. சட்டமன்ற உறுப்பினரின் பரிந்துரைக் கடிதம் கோப்பில் இருப்பதும் தன்னளவில் ஆணையைக் கெடுத்துவிடாது. முகமது மசூத் அகமது (2007), அருணாசலப் பிரதேசத்தின் பூபி லோம்பி (2024) ஆகிய இரண்டு தீர்ப்புகளும் இதைச் சொல்கின்றன. அரசியல் தலையீடு என்று சொல்பவர் அதற்கு மேலும் எதையாவது காட்ட வேண்டும்.

தீய நோக்கம் பற்றி நம் மாநிலத்திலிருந்தே ஒரு பெரிய பாடம் உண்டு. 1972இல் தலைமைச் செயலாளர் பொறுப்பிலிருந்து மாற்றப்பட்ட ஈ.பி. ராயப்பா, முதலமைச்சரின் கோபமே காரணம் என்று உச்ச நீதிமன்றம் போனார். தன்னிச்சையான செயல் சமத்துவத்துக்குப் பகை என்ற கருத்தை இந்தியச் சட்டத்துக்குத் தந்தது அந்த 1973 நவம்பர் தீர்ப்புதான். ஆனால் ராயப்பா தோற்றார். சந்தேகம் சான்றாகிவிடாது, தீய நோக்கத்தை நிரூபிக்கும் சுமை கனமானது என்றார்கள். தலைமைச் செயலாளராலேயே தூக்க முடியாத சுமை அது. கையில் ஆவணம் இல்லாமல் தீய நோக்கத்தைத் தொடாதீர்கள்.

கடைசிக் காரணம் பாகுபாடு. பதவி உயர்வுக் கலந்தாய்வுகளில் அடிக்கடி நடப்பது இதுதான் என்பது என் கணிப்பு. நம் செவிலியரின் முறை வந்தபோது திரையில் தென்காசியும் திருநெல்வேலியும் இல்லை, கிருஷ்ணகிரியைத் தேர்ந்தெடுத்தார். அடுத்த மாதம் திருநெல்வேலியில் ஒரு காலியிடத்துக்கு அவரைவிட இளையவர் 'நிர்வாக மாறுதல்' பெற்று வந்து சேர்கிறார். அந்த இடம் கலந்தாய்வு நாளிலேயே காலியாக இருந்தது என்று நிரூபித்துவிட்டால் வழக்கின் முகமே மாறிவிடும். மாமியாரின் உடல்நிலை இனி துணைச் செய்திதான். பணிமூப்பு வரிசையில் இடம் தேர்ந்தெடுக்க அழைத்துவிட்டு, இருந்த இடத்தை மறைத்தார்கள் என்பதே குற்றச்சாட்டு. சமத்துவம் பேசும் அரசமைப்பின் 14, 16ஆவது உறுப்புகள் நேரடியாக வேலை செய்யும். கலந்தாய்வு அன்று அறிவிக்கப்பட்ட காலிப்பணியிடப் பட்டியலைப் படம் எடுத்தோ நகல் எடுத்தோ வைத்துக்கொள்ளுங்கள். திருநெல்வேலி இடம் எந்தத் தேதியில் யாருடைய ஓய்வால் காலியானது என்பதை அந்த மருத்துவமனையிடமே தகவல் உரிமையில் கேளுங்கள். இந்த இரண்டு தாள்கள் இருபது பக்க மனுவைவிட வலிமையானவை.

நான்காம் படி: துறைக்குக் கோரிக்கை மனு

கஷ்டத்தையெல்லாம் எழுத வேண்டிய இடம் இது. மருத்துவச் சான்று, பிள்ளையின் படிப்புச் சான்று, கணவரின் பணிச் சான்று எல்லாவற்றையும் இணையுங்கள். இன்ன இடம் காலியாக இருக்கிறது, அங்கே மாற்றினால் யாருக்கும் பாதிப்பில்லை என்று பெயர் சொல்லிக் காட்டுங்கள். பொதுவாகச் சொந்த மாவட்டம் வேண்டும் என்றால் அலுவலர் கோப்பை மூடிவிடுவார். இரண்டு பக்கத்துக்கு மேல் வேண்டாம். உரிய வழியாக ஒன்று, முடிவெடுக்கும் அலுவலருக்கு நேரடியாக முன்நகல் ஒன்று பதிவு அஞ்சலில் அனுப்பி ஒப்புகை அட்டையைப் பத்திரப்படுத்துங்கள்.

எம்.எல்.ஏ. கடிதம், அமைச்சர் அலுவலகப் பரிந்துரை எதையும் இணைக்காதீர்கள். பணி விஷயத்தில் வெளிச் செல்வாக்கைக் கொண்டுவருவது நடத்தை விதிகளுக்கு முரண். நாளைக்கு நீங்களே அரசியல் தலையீடு பற்றிப் பேச வேண்டியும் வரலாம்.

பிள்ளையின் படிப்பு நடுவில் இருந்தால், ஆணையை ரத்து செய்யக் கேட்காமல், கல்வியாண்டு முடியும்வரை ஒத்திவைக்கக் கேளுங்கள். நம் மாநிலப் பள்ளிக் கல்வி இயக்குநர் எதிர் கருப்பத் தேவர் வழக்கில் (1994), மாறுதலுக்கு முன் விளக்கம் கேட்கத் தேவையில்லை என்று ஊழியருக்கு எதிராகச் சட்டத்தைச் சொன்ன உச்ச நீதிமன்றமே, பிள்ளைகள் படிப்பதால் கல்வியாண்டு முடியும்வரை மாறுதலை நிறைவேற்ற வேண்டாம் என்றும் ஆணையிட்டது. சின்னக் கோரிக்கை, கிடைக்கும் வாய்ப்பு அதிகம்.

மனு கொடுத்துவிட்டதால் காலம் நிற்காது. பி.எஸ். சதாசிவசாமி எதிர் தமிழ்நாடு அரசு (1975) வழக்கில், இளையவர் உயர்ந்து 14 ஆண்டுகள் கழித்து வந்தவரைத் திருப்பி அனுப்பியபோது, பதவி உயர்வுக் குறைகளுக்கு ஆறு மாதம், அதிகபட்சம் ஓராண்டுக்குள் வர வேண்டும் என்றார்கள். மாறுதலில் கணக்கு வாரங்களில்தான்.

ஐந்தாம் படி: சேருவதா, காத்திருப்பதா?

சேருங்கள். தடை கையில் இல்லாதவரை இதற்கு வேறு பதில் கிடையாது. கோரிக்கை மனு நிலுவையில் இருக்கிறது என்பதற்காகச் சேராமல் இருக்க முடியாது. அப்படி இருப்பவர்மேல் ஒழுங்கு நடவடிக்கை வரும் என்று குஜராத் மின்வாரியம் எதிர் ஆத்மாராம் போஷானி (1989) வழக்கில் தெளிவாகிவிட்டது. நம் ஊரில் அது அரசு ஊழியர் ஒழுங்கு நடவடிக்கை விதிகளின் 17(ஆ) விதிப்படி குற்றக் குறிப்பாணையாக வரும். அது நிலுவையில் இருக்கும்வரை அடுத்த பதவி உயர்வும் சிக்கிக்கொள்ளும். மேலும், புதிய பதவியின் ஊதியம் பொறுப்பேற்ற நாளிலிருந்துதான் ஓடத் தொடங்கும். வீட்டில் உட்கார்ந்திருக்கும் ஒவ்வொரு நாளும் இழப்பு.

சேர்ந்துவிட்டால் வழக்கே போய்விடும் என்று பயப்படுகிறார்கள். பணியேற்பு அறிக்கையில் ஒரு வரி சேர்த்தால் போதும்: "மேற்படி ஆணைக்கு எதிராக நான் அளித்துள்ள கோரிக்கை மனுவுக்கும் என் சட்டபூர்வ உரிமைகளுக்கும் பாதகமின்றி இன்று முற்பகல் பணியேற்றேன்." இதைப் புதிய அலுவலகத்தில் அலுவலக முத்திரையுடன் நகல் பெற்று வையுங்கள். விடுவிக்கப்பட்ட பின் புதிய இடத்தில் சேரத் தரப்படும் சேருமிடைக்காலம் எத்தனை நாள் என்பதையும் உங்கள் விதிகளில் பார்த்துக்கொள்ளுங்கள். மத்திய ஊழியர்களுக்கு 1,000 கிலோமீட்டர் வரை 10 நாள்.

ஆறாம் படி: எந்தக் கதவைத் தட்டுவது?

தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்குத் தனித் தீர்ப்பாயம் இருந்தது. அது 2006இல் மூடப்பட்டுவிட்டது. ஆகவே அரசமைப்பின் 226ஆவது உறுப்பின்கீழ் நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அரசின் ஆணையை எதிர்த்து நிவாரணம் கேட்கும் மனு. தென் மாவட்டங்களுக்கும் திருச்சி, தஞ்சாவூர், கரூர், புதுக்கோட்டைப் பகுதிகளுக்கும் 2004 ஜூலை முதல் மதுரைக் கிளை. பணியாற்றும் இடத்தில் ஆணை சார்வு செய்யப்பட்டிருந்தால் வழக்கமாக அந்த இடத்துக்குரிய அமர்வில் தாக்கல் செய்வார்கள். நம் செவிலியருக்கு மதுரை.

அஞ்சல், வருமான வரி, ரயில்வே போன்ற மத்திய அரசு ஊழியர்களுக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வு. 1985ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தின் 19ஆவது பிரிவில் விண்ணப்பம். 21ஆவது பிரிவில் ஓராண்டுக் காலவரம்பு. துறைக்குள் உள்ள நிவாரணங்களை முதலில் முயன்றீர்களா என்று 20ஆவது பிரிவு கேட்கும்; கோரிக்கை மனுவும் ஒப்புகை அட்டையும் அங்கேதான் உதவும். தீர்ப்பாயத்தில் தோற்றால் உயர் நீதிமன்ற இரு நீதிபதி அமர்வுக்குப் போகலாம், 1997இன் எல். சந்திரகுமார் தீர்ப்பு திறந்துவைத்த வழி அது. தீர்ப்பாயத்தைத் தாண்டி நேராக உயர் நீதிமன்றம் போனால் திருப்பி அனுப்பிவிடுவார்கள்.

ஏழாம் படி: பிரமாணப் பத்திரம்

பணிவரலாற்றை முதல் இரண்டு பத்திகளில் முடியுங்கள். பிறகு தேதி வரிசை. தேதிகள் தாமே பேச வேண்டும்: கலந்தாய்வு, உங்கள் தேர்வு, காலியிடம் உருவான நாள், இளையவரின் ஆணை. அதன் பிறகு மீறப்பட்ட விதி, அதன் எண்ணுடன். கஷ்டத்துக்குக் கடைசியில் ஒரு பத்தி போதும். இடைக்கால நிவாரணத்துக்கான காரணமாக அதைச் சொல்லலாம்.

எதிர்மனுதாரர்களைச் சேர்ப்பதில் தவறு செய்யாதீர்கள். உங்கள் இடத்துக்கு வந்தவரோ, நீங்கள் கேட்கும் இடத்தில் இருப்பவரோ, ஆணை ரத்தானால் பாதிக்கப்படுவார். அவரைச் சேர்க்காத மனு நிற்காது. ஒரு அலுவலரின் தீய நோக்கத்தைச் சொல்வதானால் அவரைப் பதவிப் பெயரில் மட்டுமின்றி, தனிப் பெயரிலும் சேர்க்க வேண்டும். பீகார் அரசு எதிர் பி.பி. சர்மா (1991) தீர்ப்பு இதை வலியுறுத்துகிறது. பெயர் சொல்லத் துணிவில்லை என்றால் அந்தக் குற்றச்சாட்டை எழுதாமல் விடுவதே மேல்.

வேண்டுகோளில், ஆணையை ரத்து செய்து, காலியிடத்தில் பணியமர்த்தக் கட்டளையிடும் ரிட், அதாவது சென்னை உயர் நீதிமன்றத்தில் 'செர்ஷியோரரிஃபைடு மாண்டமஸ்' என்று வழங்குவது, பொருத்தமானது. பதவி உயர்வுப் பகுதியையும் சேர்த்து ரத்து கேட்டுவிடாதபடி வாசகத்தைச் சரிபாருங்கள். பணியிடத்தைப் பொறுத்த அளவில் மட்டும் என்ற சொற்கள் அங்கே இருந்தாக வேண்டும். மூலக் கோப்பை வரவழைக்கவும் கேளுங்கள். கோப்பில் அலுவலர்கள் எழுதிய குறிப்புகளைப் போல உண்மையைச் சொல்வது வேறெதுவும் இல்லை.

எட்டாம் படி: இடைக்காலத் தடையும் அதற்குப் பிறகும்

நீதிபதி முதலில் கேட்பது, விடுவிக்கப்பட்டுவிட்டாரா என்பதுதான். விடுவிப்பும் முடிந்து, உங்கள் இருக்கையில் வேறொருவர் சேர்ந்தும்விட்டால் தடையால் பயனில்லை என்று சொல்லிவிடுவார்கள். அந்த நிலையில் தடைக்குப் பதிலாக, நீங்கள் குறிப்பிடும் காலியிடத்தை வழக்கு முடியும்வரை நிரப்பக் கூடாது என்று கேளுங்கள். நம் செவிலியருக்கு இதுவே சரியான வழி; கிருஷ்ணகிரியில் சேர்ந்துவிட்டு, தென்காசிப் பக்கத்தில் வரும் ஒரு காலியிடத்தைக் காப்பாற்றி வைப்பது.

பல மாறுதல் வழக்குகள், கோரிக்கை மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து ஆணையிடுங்கள் என்ற உத்தரவோடு முதல் நாளே முடிந்துவிடும். அதை வெற்றி என்று எண்ணிவிடாதீர்கள். பரிசீலித்து மறுத்தாலும் உத்தரவு நிறைவேறியதாகிவிடும். உங்கள் வழக்கில் உண்மையான விதிமீறல் இருந்தால், அந்த அம்சங்களைக் குறிப்பிட்டு, காரணங்களுடன் கூடிய ஆணை வேண்டும் என்று வழக்கறிஞர் மூலம் அன்றே வற்புறுத்துங்கள். மறுப்பு ஆணை வந்தால் அதுவே புதிய வழக்குக்கான அடிப்படை. அதில் உள்ள காரணங்களுக்குத் துறை கட்டுப்பட்டது.

தனி நீதிபதியிடம் தோற்றால் 30 நாளுக்குள் ரிட் மேல்முறையீடு. ஜெயித்தால் சான்றிட்ட நகலை ஒரு முகப்புக் கடிதத்துடன் துறைக்கு நேரில் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். நிறைவேற்றாவிட்டால் அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுதான் அவகாசம். பேச்சுவார்த்தையில் அதைக் கடத்திவிடுவதில் சில அலுவலகங்கள் கைதேர்ந்தவை.

வழக்கு எப்படி முடிந்தாலும் பணிப்பதிவேட்டை வரவழைத்துப் பாருங்கள். விடுவிப்பு நாளுக்கும் பணியேற்ற நாளுக்கும் இடைப்பட்ட காலம் சேருமிடைக்காலமாகவோ விடுப்பாகவோ முறைப்படுத்தப்பட்டிருக்க வேண்டும். வெறுமையாக விடப்பட்டிருந்தால் அதைச் சரிசெய்ய அன்றே எழுதிக் கொடுங்கள். ஓய்வூதியக் கருத்துரு தணிக்கைக்குப் போகும்போது முதலில் எழும் ஆட்சேபணை அந்த வெற்றிடத்தைப் பற்றித்தான் இருக்கும்.